ஆமாம், வேலை செய்வேன்

அந்த நாட்டின் பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. என்னுடைய மனு ஒன்று இன்னும் அவர்கள் கையில் இருக்கிறது. இதைப் படித்துவிட்டு அதையும் தள்ளிவிட்டார்கள் என்றால் ராமாமணி என்னைச் சும்மா விட மாட்டாள்.

பொய் சொல்வதில் நான் சோமனூர் வட்டாரத்திலேயே பேர் வாங்கியவன். தறிக்கு உதிரிச் சாமான் விற்கும் கடை வைத்திருந்தேன். கடைக்கு வந்தவர்களில் பாதிப் பேர் போல்ட் வாங்க வந்தவர்கள், பாதிப் பேர் கதை கேட்க வந்தவர்கள். நொய்யலில் வெள்ளம் வந்த வருஷம் எங்கள் எருமை சூலூரில் ஆற்றில் இறங்கித் திருப்பூரில் கரையேறி, அங்கிருந்து தனியாகப் பஸ் ஏறி வீடு வந்து சேர்ந்தது என்று சொல்லியிருக்கிறேன். எந்தப் பஸ் என்று கேட்டார்களே ஒழிய, ஒருத்தர்கூட என்னைப் பொய்யன் என்று சொன்னதில்லை. அப்படிப்பட்ட நான் வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை, எழுத்துமூலமாக, கேட்ட கேள்விக்கெல்லாம் உள்ளதை உள்ளபடி பதில் சொன்னேன். அதற்கு எனக்குக் கிடைத்த மரியாதை இருக்கிறதே, அதை நினைத்தால் இப்போதும் வயிறு எரிகிறது.

எங்கள் ஒரே மகள் சாய்ப்ரியா அந்த நாட்டில் இருக்கிறாள். மூத்தவன் யஷ்வந்த் பள்ளிக்கூடம் போய்ப் பெரிய பையனான பிறகு மறுபடி உண்டாகியிருந்தாள். இந்தத் தடவை உடம்பு ஒத்துழைக்கவில்லை. படுக்கையை விட்டு இறங்கவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். பிரசவத்துக்குள் ராமாமணி அங்கே போய்ச் சேர வேண்டும்.

"நான் போறதுக்குள்ள கொழந்தை பொறந்துச்சுன்னா, எனக்கு அம்மான்னு ஒரு பேரு எதுக்குங்க?" என்று காலையில் காப்பி கொடுக்கும்போது கேட்பாள். ராத்திரி சோறு போடும்போதும் அதையே கேட்பாள். நடுவில் வேறு பேச்சு இல்லை.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும். எல்லா வம்பும் இதிலிருந்துதான் கிளம்பியது. சாய்ப்ரியாவைக் கட்டியவன் ராமுலு. ராமுலு என் மனைவி ராமாமணியின் கூடப் பிறந்த தம்பி. அதாவது, என் மச்சினனே எனக்கு மாப்பிள்ளை. எங்கள் தெலுங்குக் குடும்பங்களில் அக்காள் மகளைக் கட்டுவது இப்போது குறைந்துவிட்டது என்றாலும், அப்போது அது ரொம்ப சாதாரணம். வெளியே பெண் தேடி அலைவானேன், வீட்டிலேயே இருக்கிறாளே என்பார்கள்.

என் கல்யாணத்தன்று ராமுலு அரை டவுசரோடு என் மடியில் உட்கார்ந்து ஜிலேபி தின்று, என் பட்டு வேட்டியில் கை துடைத்தவன். அதற்கப்புறம் இருபது வருஷத்துக்கு மேல் அவனை "டேய்" என்றுதான் கூப்பிட்டேன். என் மகள் கழுத்தில் அவன் தாலி கட்டிய முகூர்த்தத்தில் அந்த "டேய்" போய், "வாங்க மாப்பிள்ளை, உக்காருங்க மாப்பிள்ளை" ஆகிவிட்டது. அவனுக்கு ஒரு சிரமமும் இல்லை. அன்றைக்கும் என்னை மாமா என்றுதான் கூப்பிட்டான், இன்றைக்கும் மாமாதான். நஷ்டம் எனக்குத்தான்.

விசா மனுவெல்லாம் இப்போது கம்ப்யூட்டரில்தான் போட வேண்டுமாம். கருமத்தம்பட்டி நால்ரோட்டில் ஷைலா ஒரு ஆன்லைன் சென்டர் வைத்திருக்கிறது. பட்டா, பான் கார்டு, பரீட்சை ரிசல்ட், எல்லாம் அங்கேதான். நாற்பது வயதுப் பெண். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலில் பாடும். மற்ற நாட்களில் கம்ப்யூட்டரைத் திட்டும். நாங்கள் இரண்டு பேரும் ஆளுக்கொரு ஸ்டூலில் உட்கார்ந்தோம்.

முதலில் பக்கமே திறக்கவில்லை. திரை நடுவில் ஒரு வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. அது சுற்றிய சுற்றுக்கு ஒரு பெல்ட்டை மாட்டிவிட்டிருந்தால் பக்கத்துத் தறிக்கூடத்தில் இரண்டு தறி ஓடியிருக்கும். ஒரு வழியாகத் திறந்தது. கேட்டார்கள் பாருங்கள் கேள்வி. என் அப்பா பிறந்த தேதி என்ன? அம்மா பிறந்த தேதி என்ன? என் அம்மா ஒரு பெருமழை அன்றைக்குப் பிறந்தவள். அதைத் தேதி என்று கம்ப்யூட்டர் ஏற்றுக்கொள்ளவில்லை. யோசித்துக்கொண்டிருந்த நேரத்தில் "நேரம் முடிந்தது" என்று எல்லாவற்றையும் அழித்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து என் பெயரைக் கேட்டது. அரை மணி நேரத்துக்கு முன்னால் சொன்ன பெயரை மறந்துபோகிற சாமானை நம்பி ஒரு தேசத்தின் வாசலைக் கட்டியிருக்கிறார்கள்.

"முன்னால போன நாடுக ஏதாச்சும் இருக்குங்களாய்யா?" என்றது ஷைலா.

"சிலோனுக்கு ஒருக்கா நீச்சல்ல போனேன். பாதி தூரம் போனதும் கடை சாவி இடுப்புல இருக்கறது ஞாபகம் வந்துச்சு, திரும்பிட்டேன்."

"இல்லைன்னு போடுறனுங்க."

"போடு, அம்மணி. பாதிதானே போனேன்."

அடுத்த கேள்வியை ஷைலா கொஞ்சம் தயங்கித்தான் படித்தது. "பெருங்கூட்டமா உயிர்களைக் கொன்னிருக்கீங்களான்னு கேக்குறாங்க."

ராமாமணி என் காதருகே குனிந்து, "எலி மருந்து வெச்சதைச் சொல்லிப்போடாதீங்க" என்றாள்.

அதுவரைக்கும் நான் பொறுமையாகத்தான் இருந்தேன். "அங்கே உங்களை அழைப்பவர் உங்களுக்கு என்ன உறவு?" என்று ஒரு கேள்வி வந்தது. நான் மருமகன் என்றேன். ஷைலா தட்டியது. அதன் கீழே இன்னொரு கேள்வி. "தங்கியிருக்கும் காலத்தில் சம்பளத்துக்கோ சம்பளம் இல்லாமலோ ஏதாவது வேலை செய்வீர்களா?"

ஷைலா என்னைக் கேட்காமலேயே "இல்லை" பக்கம் போனது.

"நில்லு அம்மணி. எங்க போற?"

"இதுக்கு எல்லாரும் இல்லைன்னுதானுங்க போடுவாங்க."

"எல்லாரும் போடட்டும். நான் போறது மாப்பிள்ளை ஊட்டுக்கு. பொண்ணைக் குடுத்த ஊட்டுல போய்ச் சும்மா உக்காந்து மூணு வேளை திங்கறதா? நாளைக்குச் சோமனூர்ல எந்த மூஞ்சிய வெச்சுட்டு நடப்பேன்? யஷ்வந்தைப் பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிட்டுப் போவேன். காய் அரிவேன். வாசல் கூட்டுவேன். அவங்க ஊட்டுத் துணி மடிச்சு வெப்பேன். வேலை செய்யாம ஒரு வாய் காப்பி குடிக்க மாட்டேன். 'ஆமாம்'னு போடு."

"ஐயா, அவங்க கேக்கறது வேற மாதிரிங்க."

"கேள்விய நீ இப்பத்தான் படிச்சுச் சொன்னே. சம்பளம் இல்லாத வேலையையும் சேத்தித்தானே கேக்கறான்? கடைசிப் பக்கத்துல எல்லாம் உண்மைன்னு கையெழுத்து வாங்கப் போறானா இல்லியா?"

"வாங்குவாங்க."

"அப்பறம் என்ன? போடு."

"பின்னால ஷைலா சொல்லலைன்னு சொல்லக் கூடாதுங்கய்யா" என்று சொல்லிக்கொண்டே போட்டது. விவரம் எழுதக் கட்டம் ஒன்று வந்தது. பேரனைக் கவனிப்பேன், காய் அரிவேன், வாசல் கூட்டுவேன், துணி மடிப்பேன் என்று நான் சொல்லச் சொல்ல இங்கிலீஷில் அடித்தது. கட்டம் நிறைந்துபோனதால் பாத்திரம் கழுவுவதை எழுத இடம் இல்லை. எனக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான்.

பிறகு ராமாமணியின் முறை. அழைப்பவர் என்ன உறவு?

"தம்பி."

"ஏம்மணி, நான் மருமகன்னு போட்டிருக்கேன்" என்றேன்.

"நீங்க என்னமோ போடுங்க. எனக்கு அவன் மொதல்ல தம்பி. இடுப்புல தூக்கிட்டுச் சுத்துனவ நான். மருமகன்னு போட்டா அவன் பொறந்தது இல்லைன்னு ஆயிருமா?"

வேலை செய்வீர்களா?

அவள் ஷைலாவைப் பார்த்த பார்வையில் கம்ப்யூட்டரே அணைந்திருக்க வேண்டும். "என்ற தம்பி ஊட்டுல நான் எதுக்கு வேலை செய்யோணும்? பொறந்த ஊட்டுக்குப் போறவளை உக்கார வெச்சுச் சோறு போடுவான். போற அன்னிக்குச் சீலை எடுத்துக் குடுப்பான். இல்லைன்னு போடு, கண்ணு. பெருசா போடு."

விசா ஆபீசில் போய்க் கைரேகை கொடுத்தது தனிக் கூத்து. இரும்புச் சாமான் புரட்டிப் புரட்டி என் விரலில் ரேகை தேய்ந்துபோயிருந்தது. இயந்திரம் என் கட்டை விரலைத் தடவித் தடவிப் பார்த்துவிட்டு, நான் இன்னும் பிறக்கவில்லை என்ற முடிவுக்கு வந்தது. ராமாமணி அவள் கையில் இருந்த தேங்காய் எண்ணெயைத் தடவிய பிறகுதான் பிறந்தேன்.

ஒரு வாரம் கழிந்து ஈமெயில் வந்தது. ஒரே வீட்டு விலாசத்தில் இருந்து வந்த இரண்டு மனுக்களும் ஒத்துப்போகவில்லையாம். அழைப்பவரைக் கணவர் மருமகன் என்கிறார், மனைவி தம்பி என்கிறார். இரண்டில் எது பொய் என்று விளக்கவும். இல்லாவிட்டால் ஆதாரம் அனுப்பவும்.

எது பொய்! எருமை பஸ் ஏறியதை நம்பிய ஊரில், என் மகள் கல்யாணத்தைப் பொய் என்கிறான் ஒருவன். அவன் மட்டும் நேரில் இருந்திருந்தால் என் மாமியார் பங்காரம்மாவின் படத்துக்கு முன்னால் நிறுத்திச் சத்தியம் வாங்கியிருப்பேன். என் மாமியாரும் அவளே, என் மகளுக்கு மாமியாரும் அவளே. அந்த அம்மா ஒருத்தியே இரண்டு தலைமுறையைச் சமாளித்துவிட்டுப் போய்ச் சேர்ந்தாள். இவர்களால் ஒரு கட்டத்தைச் சமாளிக்க முடியவில்லை.

ராமுலுவுக்குப் போன் போட்டேன். "மாமா, ரெண்டு பேரும் பேசி ஒண்ணு போலப் போட்டிருக்கலாங்களே" என்றான்.

"உண்மைய எதுக்குங் மாப்பிள்ளை பேசி வெச்சுட்டுப் போடோணும்? பொய்யைத்தான் பேசி வெக்கோணும்."

பின்னால் சாய்ப்ரியாவின் குரல் கேட்டது. படுத்தபடியே பேசினாள். "அம்மா எப்பப்பா வருவாங்க?" ராமாமணி என் கையிலிருந்த போனை வாங்கி, "வாரேன் கண்ணு, இதோ வந்துட்டே இருக்கேன்" என்று சொல்லிவிட்டு, சமையல்கட்டில் போய் நின்றுகொண்டாள். அடுப்பில் ஒன்றுமே இல்லை.

பிறப்புச் சான்றிதழ், ரேஷன் கார்டு எல்லாம் எடுத்தோம். அத்தோடு சாய்ப்ரியாவின் கல்யாண ஆல்பத்தையும் தூக்கிக்கொண்டு ஷைலாவிடம் போனோம். அவிநாசியில் ஒரு மண்டபத்தில் நடந்த கல்யாணம். எங்கள் வீட்டு வழக்கத்தில் தாலியின் முதல் முடிச்சை மாப்பிள்ளை போடுவார். மற்ற இரண்டையும் மாப்பிள்ளையின் அக்காள் பின்னால் நின்று போடுவாள். ராமாமணி பெண்ணுக்கு அம்மாவாக என் பக்கத்தில் நின்று தாரை வார்த்துக் கொடுத்தாள். கொடுத்த கையைத் துடைத்துக்கொண்டு, மாப்பிள்ளைக்கு அக்காளாக மணவறையைச் சுற்றி அந்தப் பக்கம் போய், பெற்ற மகளின் கழுத்தில் முடிச்சுப் போட்டாள். ஆல்பத்தில் இரண்டும் இருக்கிறது. அதே சேலை, அதே கண்ணீர்.

"இது ரெண்டும் போதுங்கம்மா" என்று ஷைலா அந்தப் படங்களை எடுத்துக்கொண்டது. "ஐயா மாப்பிள்ளைக்கு மாமனாருன்னு தெரியற மாதிரி ஒண்ணு வேணுங்களே."

நானே தேடி எடுத்துக் கொடுத்தேன். தாம்பாளத்தில் ராமுலுவின் இரண்டு கால்களையும் வைத்து, நான் குனிந்து, செம்பிலிருந்து தண்ணீர் ஊற்றிக் கழுவும் படம். சட்டை இல்லாமல், துண்டை இடுப்பில் கட்டியிருந்தேன். பெண்ணைக் கொடுக்கிறவன் மாப்பிள்ளையின் பாதத்தைக் கழுவுவதற்கு மிஞ்சி ஒரு ஆதாரம் உலகத்தில் இருக்க முடியுமா? ஜிலேபிக் கையை என் வேட்டியில் துடைத்தவனின் காலை நான் கழுவியிருக்கிறேன். இதைப் பார்த்தால் அந்த அதிகாரி எழுந்து நின்று என் மனுவில் முத்திரை குத்துவான் என்று ஷைலாவிடம் சொன்னேன்.

பதில் வந்தது. ஷைலா போன் போட்டு, "நேர்ல வந்துருங்க" என்றது. போனோம்.

ராமாமணிக்கு விசா கிடைத்துவிட்டது. தம்பியும் மருமகனும் ஒரே ஆள்தான் என்று ஒப்புக்கொண்டார்கள். எனக்கு இல்லை.

"என்ன காரணமாம்?"

ஷைலா திரையைப் பார்த்தது. வாயைக் கையால் மூடிக்கொண்டது. அப்புறம் முகத்தைத் துடைத்துக்கொண்டு, ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னது. "மனுதாரர் சுற்றுலாப் பயணியாக வரவில்லை. அழைப்பவரின் வீட்டில் சம்பளம் இல்லாத வீட்டு வேலைக்காரராக வருகிறார் என்று கருத இடமிருக்கிறது. சமையல் உதவி, கூட்டுதல், துணி மடித்தல் ஆகிய வேலைகளை அவரே தெரிவித்திருக்கிறார்." கொஞ்சம் நிறுத்தியது. "அவர் இணைத்துள்ள புகைப்படமும் அதையே உறுதி செய்கிறது."

நான் எழுந்துவிட்டேன். ஸ்டூல் விழுந்தது. "எந்தப் போட்டோ?"

"கால் கழுவற போட்டோங்கய்யா."

"அது மாப்பிள்ளைக்குச் செய்யற பாத பூஜை!"

"எனக்குத் தெரியுதுங்க. அவங்களுக்கு, சட்டை இல்லாத ஒருத்தரு இன்னொருத்தருக்குக் கால் கழுவி விடறாரு. அவ்வளவுதானுங்க தெரியுது."

கத்தினேன். தறி ஓடும் சத்தத்தையும் மீறி நால்ரோட்டுக்கே கேட்டிருக்கும். இந்த லட்சுமணசாமி கடையில் மூன்று ஆளை வைத்து வேலை வாங்கியவன். என்னை வேலைக்காரன் என்று சொல்ல ஒரு தேசமே கூடி முடிவு செய்திருக்கிறது. சும்மா உட்கார்ந்து தின்பேன் என்று எழுதியிருந்தால் மரியாதையாக உள்ளே விட்டிருப்பான். உழைத்துச் சாப்பிடுவேன் என்றதற்கு வாசலைச் சாத்திவிட்டான். இது எந்த ஊர் நியாயம்?

ஷைலா தண்ணீர் கொடுத்தது. ராமாமணி ஸ்டூலைத் தூக்கி நிறுத்தினாள்.

"நான் மட்டும் போறனுங்க" என்றாள்.

அவள் கோயமுத்தூரைத் தாண்டித் தனியாகப் போனது ஒரே ஒரு தடவை, மதுக்கரையில் ஒரு வளைகாப்புக்கு. அதற்கே இரண்டு தரம் போன் பண்ணினாள். "தனியா எப்படிப் போவே?"

"ஏரோப்ளேன்லதானே போறேன். வழியில எறக்கியா உடப் போறாங்க?" என்றாள். வீட்டுக்கு வரும் வழியில் பஸ்ஸில் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "நீங்க வராததுல ஒரு நல்லது இருக்குதுங்க. அத்தனை மணி நேரம் பக்கத்துல உக்காந்து உங்க கதைய கேக்க வேண்டியதில்ல" என்று சேர்த்துக்கொண்டாள். ஜன்னல் பக்கம் திரும்பி அழுததை நான் பார்க்கவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

போய்ச் சேர்ந்தாள். பருப்புப் பொடி, சுக்கு, காயத்தோடு போய்ச் சேர்ந்தாள். பிரசவ வலி எடுத்தபோது சாய்ப்ரியாவின் கையை அவள்தான் பிடித்துக்கொண்டிருந்தாள். பெண் குழந்தை. தாயும் பிள்ளையும் நலம்.

நான் மெஸ் சாப்பாடு சாப்பிட்டுக்கொண்டு சோமனூரில் கிடந்தேன். தினமும் சாயங்காலம் வீடியோவில் கூப்பிடுவாள். ஒரு நாள் பார்த்தால் காய் அரிகிறாள். இன்னொரு நாள் துணி மடிக்கிறாள். யஷ்வந்தைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டு வந்து மூச்சு வாங்குகிறாள். என் மனுவின் கட்டத்தில் இருந்த வேலை எல்லாவற்றையும் வரிசையாகச் செய்துகொண்டிருந்தாள். இடம் இல்லாமல் விட்டுப்போன பாத்திரத்தையும் கழுவிக்கொண்டிருந்தாள்.

"ஏம்மணி, நீ வேலை செய்ய மாட்டேன்னு எழுதிக் குடுத்துட்டுப் போனவ. ஞாபகம் இருக்குதா? நான் அந்த அதிகாரிக்கு எழுதிப்போடட்டுமா?"

அவள் அப்போது தரையில் காலை நீட்டி உட்கார்ந்து, கால் மேல் குழந்தையைக் குப்புறப் போட்டு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"எதுங்க வேலை? பேத்திய குளிப்பாட்டறது வேலையா? என்ற தம்பி ஊட்டுல ஒரு டம்ளர் கழுவி வெச்சா வேலையா? நீங்கதான் மாமனார் முறுக்கோட, வேலை வேலைன்னு ஊரைக் கூட்டுனீங்க."

குழந்தை அழுதது. போன் மல்லாந்து விழுந்து, கூரை மட்டும் தெரிந்தது. கூரையைப் பார்த்தபடி ரொம்ப நேரம் யோசித்தேன்.

மறுநாள் காலையில் ஷைலாவின் கடை திறக்கும்போதே வாசலில் நின்றேன்.

"மறுபடியுமாங்கய்யா?"

"மறுபடியும். மொதல்ல இருந்து."

வட்டம் சுற்றியது. என் பெயரைக் கேட்டது, சொன்னேன். எலிகளைப் பற்றிக் கேட்டது, வாயைத் திறக்கவில்லை. அழைப்பவர் என்ன உறவு என்ற கேள்வி வந்தது. ஷைலாவின் விரல் மருமகன் மேல் போய் நின்றது.

"அதில்ல, அம்மணி. மச்சினன்."

"போன தடவை மருமகன்னு போட்டீங்களேய்யா. மறுபடி எது பொய்னு கேப்பாங்க."

"கேக்கட்டும். ரெண்டும் ஒரே ஆளுதான்னு அவங்களே ஒத்துக்கிட்டாங்க. அந்தக் கடுதாசியவே இதோட சேத்து அனுப்பு."

அடுத்த கேள்வி. வேலை செய்வீர்களா? ஷைலா கையை எடுத்துவிட்டு என்னையே பார்த்தது.

"இல்லை" என்றேன்.

"நிசமாவாங்க?"

"நிசமாத்தான். மாப்பிள்ளை ஊட்டுலதான் மாமனார் சும்மா உக்காரக் கூடாது. மச்சினன் ஊட்டுல அக்கா புருசனுக்கு என்ன வேலை? கால் மேல கால் போட்டு உக்காந்து திம்பேன். அது உண்மை. கையெழுத்துப் போடறேன், கொண்டா."

இந்த மனுதான் இன்னும் அவர்கள் கையில் இருக்கிறது. தள்ளினால் இன்னொன்று போடுவேன். ஷைலாவுக்கும் பழகிவிட்டது.

மனுவில் ஒன்றை எழுதிவிட்டு வீட்டில் வேறு மாதிரி நடந்தால் அது பொய்யாகிவிடும் அல்லவா? அதனால் கடையை விட்டு வெளியே வந்ததும் ராமுலுவுக்குப் போன் போட்டேன்.

"சொல்லுங் மாமா" என்றான்.

"டேய் ராமுலு" என்றேன். "நான் வர்ற அன்னிக்கு வாசல்ல ஒரு தாம்பாளமும் செம்புத் தண்ணியும் எடுத்து வைடா. சட்டைய கழட்டிட்டு நில்லு. உங்கக்கா போட்டோ எடுப்பா."